மன்னிப்புப் பட்டை

செண்பகவல்லியின் கணவர் தாசில்தார். சுடுகாட்டுப் பாதையைத் திறக்கச் சொன்ன தீர்ப்பை அவர் இரண்டு வருடம் கிடப்பில் போட்டதால், நீதிமன்றம் அவர் மணிக்கட்டில் ஒரு பட்டையை மாட்டிவிட்டது. மனதார மன்னிப்புக் கேட்டால் பச்சை எரியும், பட்டை கழன்றுவிடும். வெறும் வாய்வார்த்தை என்றால் சிவப்பு.

மனிதர் பாதையைத் திறக்கவில்லை. வக்கீல் எழுதிக்கொடுத்த மன்னிப்பைத்தான் ஒரு மாதமாகக் கண்ணாடி முன்னால் ஒப்பித்துக்கொண்டிருந்தார்.

இன்று அவர் கை தட்டி அவளுடைய காபி கொட்டியது.

"சாரி செம்பா" என்றார் பழக்கதோஷத்தில்.

பட்டை சிவந்தது.

அவளுக்குப் பதினேழு வருடத்துச் சாரிகளும் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன.

"எங்கப்பா சாவுக்கு வரமுடியாமப் போச்சுன்னு அழுது மன்னிப்புக் கேட்டீங்களே, அதை இப்ப ஒரு தரம் சொல்லுங்க."

அவர் சட்டைக்கையை மெல்ல இழுத்துப் பட்டையை மூடிக்கொண்டார்.