வராதவருக்கு விடுதலை

உப்பளத்தில் தேய்ந்துபோன மாசானத்தின் கட்டைவிரல் ரேகையை, தீர்ப்புச் சொல்லும் நீதிமன்ற இயந்திரம் மூன்றாம் முறையும் ஏற்கவில்லை.

"மேல்முறையீட்டாளர் வரவில்லை. மனு தள்ளுபடி ஆகிறது."

தள்ளுபடியானால், செய்யாத திருட்டுக்கு ஏழாண்டுச் சிறை.

"முன்னாலதானய்யா நிக்கேன்!" என்று மாசானம் கத்தினான்.

மனைவி இளஞ்சியம் அவனை விலக்கிவிட்டு முன்னால் வந்தாள். "சரி, அவுக வரல. ஆள் வரலைன்னாலும் கேஸ் கட்டைப் படிக்காம தள்ளக் கூடாதுன்னு சட்டம் இருக்குல்லா? படி."

ஒன்பது ஆண்டுகளாக யாரும் புரட்டாத நானூறு பக்கங்களை இயந்திரம் நொடியில் படித்தது. திருட்டு நடந்த அன்று அவன் ஆஸ்பத்திரியில் படுத்திருந்ததற்கான சீட்டு அதற்குள் இருந்தது.

"மேல்முறையீட்டாளர் வராத நிலையில், அவர் நிரபராதி என்று விடுதலை செய்யப்படுகிறார்."

மாசானம் "ஏய்!" என்று துள்ளினான். இளஞ்சியம் சிரித்தபடி அவன் வாயைப் பொத்தினாள்.

"பேசாதீய! வந்திருக்கீயன்னு கண்டுபிடிச்சிரப் போவுது."