பதினோராம் நம்பர் ஆட்டக்காரர்

"எல்வின், வீடியோ கால் முடியற வரைக்கும் கிச்சன விட்டு வெளிய வராத!" என்று தம்பியை விரட்டினாள் லவினா.

கோரமண்டல் என்ற ஊரில் தன் வீட்டிலிருந்தபடியே கூடைப்பந்து வீடியோ கேம் ஒன்றுக்கு ஆட்டக்காரர்களின் உருவங்களைச் செய்து தருகிறவள் அவள். மெக்சிகோ அணியின் பதினோராம் நம்பர் ஆட்டக்காரரே அவளோடு பேச வேண்டுமாம். காலையிலிருந்து லேப்டாப்பைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள்.

"இன்னாத்துக்குடி இவ்ளோ பயம்?" என்றாள் அம்மா ஜூடித்.

"வேலையே போயிடும்மா."

திரையில் வந்தவர் ஆங்கிலத்தில் பேசினார். "எங்க டீம் கேம்ல வர்றது இதுதான் முதல் தடவை. எங்கம்மா பார்த்துட்டு, 'அப்படியே என் புள்ள'ன்னு அழுதுட்டாங்க. நன்றி சொல்லத்தான் கூப்பிட்டேன். எந்த போட்டோவப் பார்த்துச் செஞ்சீங்க?"

அந்தத் தாய் அழுததைக் கேட்டபின் லவினாவுக்குப் பொய் சொல்ல வாய் வரவில்லை.

"மன்னிச்சிடுங்க சார். உங்க முகம் தெளிவா தெரியற போட்டோ ஒண்ணுகூட கிடைக்கல. மறுநாளே தரணும்னு சொன்னாங்க. அதனால..." என்றவள் திரும்பி, "எல்வின், இங்க வா" என்றாள்.

கையில் தோசைத் தட்டோடு வந்து நின்றான் எல்வின். கேமில் பார்த்த அதே முகம்! ஆட்டக்காரர் திரைக்கு அருகே குனிந்து உற்றுப் பார்த்தார். லவினா கண்களை மூடிக்கொண்டாள்.

"மம்மா!" என்று அவர் உரக்கக் கத்துவது கேட்டது. பிறகு சிரிப்பு.

"போயிடாத தம்பி! உன்னப் பார்த்து அழுதவங்க இதோ வர்றாங்க."