நீக்கும் காரணம்

காரின் பிரேக் கணினியில் வீட்டாரின் முகங்கள் பதிந்திருக்கும். அவர்கள் குறுக்கே வந்தால், ஓட்டுபவர் எதை மிதித்தாலும் கார் நின்றுவிடும். மற்றவர்களுக்கு, ஓட்டுபவராகப் பார்த்து பிரேக்கை மிதித்தால்தான் உண்டு.

சென்னியப்பன் காரைக் கொண்டுவந்ததும், புது மருமகள் முகத்தைச் சேர்க்கத்தான் என்று நினைத்து மெக்கானிக் சகாயம் லேப்டாப்பை இணைத்தான்.

“சேக்கறதுக்கில்ல தம்பி. எம்பொண்ணு மொகத்த எடுக்கோணும். மில்லுல கூட வேல பாக்கற வேத்து சாதிக்காரனக் கட்டிக்கிட்டா. தல முழுகிட்டோம்.”

“ஆளு இறந்திருந்தாத்தான் சாப்ட்வேர் எடுக்க விடுமுங்க.”

“அப்ப அப்படியே போடு.”

சகாயம் போட்டான்.

“இறந்த தேதி கேக்குதுங்க.”

சென்னியப்பன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

“இன்னைக்கே போடு. ஆறு மணிக்கு மில்லு விடும். அதுக்குள்ள வண்டி ரெடியாயிருமா?”