லைன் கோளாறு

மூன்றாவது தடவையாக அந்த வீட்டுப் படியேறும்போது எனக்கு நிஜமாகவே எரிச்சலாக வந்தது.

ஒரே புகார்தான். வீடியோ கேம் பெட்டியில் கார் பந்தயம் டவுன்லோடு ஆகமாட்டேன் என்கிறது. அறுபது சதவீதம் வரைக்கும் வரும், நிற்கும், மறுபடி பூஜ்யத்திலிருந்து தொடங்கும்.

பெருமாள்மலைக்கு பிராட்பேண்ட் வந்தே ஒன்றரை வருஷம்தான் ஆகிறது. அதற்குள் இந்த ஒரு வீட்டுக்காகக் கம்பத்துப் பெட்டியைப் பிரித்து மேய்ந்தாயிற்று, வயரை மாற்றியாயிற்று, மோடத்தையும் மாற்றியாயிற்று. மழை, மேகம், குரங்கு என்று எல்லார் மேலும் பழியும் போட்டாயிற்று.

வீட்டுக்காரர் பொன்னுத்தாய் அக்கா. பஸ் நிறுத்தத்தில் மலைப்பூண்டுக் கடை வைத்திருக்கிறார். மகள் ரோகிணிக்கு இருபத்திரண்டு வயது. கார் ஓட்டப் பழகிக்கொண்டிருந்த பெண், லைசென்ஸுக்கு எட்டுப் போட வேண்டிய வாரத்தில் படுத்தாள். மதுரையில் நாலு மாசம் வைத்துப் பார்த்துவிட்டு, இனி வீட்டிலேயே வைத்து நல்லபடியாகப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று எங்கள் ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

பெட்டியை துபாயிலிருந்து அனுப்பியவன் அவள் அண்ணன் கோகுல். நிஜக் கார்தான் இல்லையென்றாகிவிட்டது, டிவியிலாவது ஒரு தடவை ஓட்டிவிட வேண்டும் என்பது தங்கச்சியின் ஆசை. அதனால் அவன்தான் வாரம் தவறாமல் ஆபீசுக்குப் போன் போட்டுக் கத்துகிறான். கத்தட்டும். இத்தனூண்டு ஆசையைக்கூட என் வயரால் கொண்டுவந்து சேர்க்க முடியவில்லை என்பதுதான் எனக்கு ஆறவில்லை.

ரோகிணி கட்டிலில் கம்பளிக்குள் கிடந்தாள். முகம் மட்டும் தெரிந்தது. டிவியில் பச்சைக் கோடு பன்னிரண்டில் நின்றிருந்தது.

மோடத்துக்குப் பின்னால் கைவிட்டுத் துழாவினேன். வயர் பாதி வெளியே தொங்கியது. நுனியில் இருக்கும் பிளாஸ்டிக் கொக்கி தேய்ந்து வெளுத்திருந்தது. போன வாரம் நான் போட்ட புது வயர்! மூக்குக்குப் பக்கத்தில் கொண்டுபோனேன். பூண்டு வாசம் அடித்தது.

நேரே அடுப்படிக்குப் போனேன்.

"என்னக்கா இது? வயரைப் பிடுங்குறது நீங்கதானா?"

அக்கா கஞ்சி கிண்டுவதை நிறுத்தவில்லை. திரும்பியும் பார்க்கவில்லை.

"எங்க மாமனாரு பதினோரு நாளு இழுத்துக்கிட்டுக் கெடந்தாரு தம்பி. பூண்டுக் காட்டு மேல அம்புட்டு ஆசை. காட்டு மண்ணைக் கரைச்சு வாயில ஊத்துனோம். அரை மணி நேரந்தான், அடங்கிருச்சு. ஊத்துனது நாந்தான்." கரண்டியைக் கீழே வைத்தார். "இவளுக்குன்னு மிச்சம் இருக்கிறது இந்த ஒரு ஆசைதான். அது தீராமக் கெடக்கட்டுங்க."

படித்தவன் என்ற முறையில் எனக்குச் சொல்ல நாலு வார்த்தை இருந்தது. இருந்தும் மோடத்துக்கே திரும்பிப் போனேன்.

வயரை இருந்தபடியே பாதி வெளியே விட்டேன். புகார்ப் புத்தகத்தில் லைன் கோளாறு என்று எழுதினேன்.

பையை மூடும்போதுதான் சுருக்கென்று உறைத்தது.

வயரைப் பிடுங்கினால் டவுன்லோடு நிற்கும், சரி. திரும்பச் செருகினால் விட்ட இடத்திலிருந்துதான் ஓடும். பூஜ்யத்துக்குப் போகவே போகாது. அதற்கு யாராவது கேம் பெட்டியின் ரிமோட்டை எடுத்து ரத்து செய்ய வேண்டும். அக்காவுக்கு டிவியில் சத்தம் கூட்டவே தெரியாது.

நான் கட்டிலைப் பார்த்தேன். ரிமோட்டின் வயர் கம்பளிக்குள் போயிருந்தது.

ரோகிணி மூச்சு வாங்கிக்கொண்டு மெதுவாகப் பேசினாள்.

"அம்மா கடைக்குப் போயிட்டா, தொங்குற வயரு ஒட்டிக்கிட்டு அது பாட்டுக்கு ஏறிருதுண்ணே. நான்தான் அமுக்கிவிட்டுருவேன். தாத்தாவுக்கு மண்ணு ஊத்துனப்ப நானும் பக்கத்துலதான நின்னேன். நூறு வந்துட்டா அம்மா தாங்காது. சொல்லிராதீங்க."

மேகம் சரியில்லை, இன்னும் பத்து நாளாவது ஆகும் என்று அடுப்படிக்குக் கேட்கும்படி சத்தமாகச் சொல்லிவிட்டு வெளியே வந்தேன்.

பத்து நாள் போனது. அதற்கு மேலும் ஒரு வாரம் போனது. கோகுல் போன் போட்டுக் கத்தினான். நான் லைன் கோளாறு என்றே சொல்லிக்கொண்டிருந்தேன்.

பதினெட்டாம் நாள் வெள்ளனே அக்காவே போன் பண்ணினார். அவர் குரலுக்குப் பின்னால் ஒரு முனகல் விடாமல் கேட்டுக்கொண்டிருந்தது. மூன்று நாளாக இப்படித்தான், ஊசிக்கும் கேட்கவில்லை என்றார்.

"வயரை நல்லா செருகிட்டேன் தம்பி. லைட்டு எரியுது. வெரசா வந்து அதை முழுசா எறக்கிக் குடுத்துருங்க. அவ ஒரு தடவை ஓட்டிரட்டும்."

பையை எடுத்துக்கொண்டு ஓடினேன். அன்றைக்கு வானத்தில் பொட்டு மேகம் இல்லை. லைனில் ஒரு கோளாறும் இல்லை. பதினோரு மணிக்கெல்லாம் நூறு வந்துவிட்டது.