ஊதுபத்தி ஓட்டைகள்

மொட்டைமாடி நைலான் கயிறு எத்தனையோ துணிகளின் பீற்றலைக் கேட்டிருக்கிறது. ஆனால் அன்று வந்து தொங்கிய கறுப்பு நைலான் ஜாக்கெட்டைப் போல ஒன்றை அது பார்த்ததே இல்லை.

"நான் ராக் பாடகன் சஞ்சித்தோட ஜாக்கெட். கார் ஷெட்டுக்குள்ள நாங்க பாடினா போலீஸே வரும். இந்த ஓட்டையெல்லாம் பாரு, சண்டையில பட்ட தீக்காயம். நீயும் நைலான்னு வெளியில சொல்லிக்காதே. ஜட்டி சுமக்கிற பிழைப்பு உன்னுது."

கயிறு மோந்து பார்த்தது. நைலான் உருகி அழகாக வட்டமாயிருந்த ஓட்டைகளில், துவைத்தும் போகாத மல்லிகை ஊதுபத்தி வாசனை.

"சண்டை பூஜையறையிலயா நடந்துச்சு?"

ஜாக்கெட் பதில் சொல்வதற்குள் பெருங்காற்று கிளம்பியது. "ஐயோ, விட்டுடாதே!" என்று அது அலறியது. கயிறு விடவில்லை. ஆனால் கம்பத்து ஆணியில் மாட்டி ஜாக்கெட்டின் தோள் டர்ரென்று கிழிந்தது.

"இப்பதான் உனக்கு நிஜக் காயம். இனிமே தாராளமா பீத்திக்கலாம்" என்றது கயிறு. அந்தக் கிழிசல் மேல் அதற்குக் கொஞ்சம் மரியாதைகூட வந்திருந்தது.

சஞ்சித் ஓடிவந்து பார்த்து முகம் சுளித்தான். "அம்மா! ஜாக்கெட் கிழிஞ்சு அசிங்கமா இருக்கு. நாளைக்குக் கச்சேரி. தெரியாத மாதிரி தைச்சுக் குடும்மா!"

அடுத்த வாரம் ஜாக்கெட் மறுபடி கயிற்றுக்கு வந்தது. தோளில் தையல் இருந்த இடமே தெரியவில்லை. பக்கத்தில் தொங்கிய பனியனிடம், "புதுசா ரெண்டு தீக்காயம் பாரு, பயங்கர சண்டை!" என்று ஆரம்பித்தது.

கயிறு மோந்து பார்த்தது. இந்த வாரம் சந்தன ஊதுபத்தி.