செவலை நின்ன இடம்

கருவப்பட்டியை டவுனோட சேத்து பத்து வருஷமாச்சு. நடுவுல கெடந்த சோளக்காட்டுல இப்ப வரிசையா கடைங்க. எது பட்டி, எது டவுனுன்னு மனுசனுக்கே தெரியாது. கெழட்டு நாய் செவலைக்கு மட்டும் தெரியும். எந்த பைக்கைத் தொரத்துனாலும் செல்போன் கடை வாசல்ல சடக்குன்னு நின்னுருவான். பழைய ஊரு அங்கதான் முடியுது.

அன்னிக்கு அவன் முழுப்பட்டினி. தெனம் பன்னு போட்ட டீக்கடைய, ரோட்டை அகலப்படுத்துறோம்னு இடிச்சிட்டாங்க. பிரியாணிக் கடைக்காரர் வீசுன எலும்பு, அந்த வாசலைத் தாண்டி ரெண்டடி டவுன் பக்கம் போய் விழுந்துச்சு.

டவுன் நாய் ஜாக்கி சிரிச்சான். "வந்து தின்னு பெருசு. இங்க என்ன பாஸ்போர்ட்டா கேக்குறாங்க?"

"அது உங்க ஊருடா."

"உங்க ஊரையும் சேத்துத்தான் முழுங்கியாச்சே! உனக்கும் எனக்கும் இப்ப ஒரே வார்டு, ஒரே குப்பைவண்டி."

"இருக்கட்டும். எங்காத்தா இதைத் தாண்டுனதில்ல." செவலைக்கு எச்சில் ஒழுகுது, காலு மட்டும் நகரல.

ஜாக்கிக்குச் சிரிப்பு நின்னுபோச்சு. எலும்பைக் கவ்விக்கிட்டு வாசல் வரைக்கும் வந்தான். அதைக் கீழ வச்சுட்டு, "சித்தப்பு, உங்க ஊருக்குள்ள வரலாமா?"ன்னு கேட்டான்.

ரோடு போட்டவன், கடை கட்டுனவன், வரி போட்டவன், ஒருத்தனும் இதைக் கேட்டதில்ல. செவலைக்கு வாலு நிக்கவே மாட்டேங்குது.

"வாய்யா, வா! மொத மொத வந்திருக்க, சாப்பிடாம போகக்கூடாது"ன்னு எலும்பை அவன் பக்கமே தள்ளிவிட்டான்.