திருட்டு ஃபைல் ஏறாத கடை

“இன்னும் ஒன்பது நிமிஷம்தான் மங்கை! அந்தத் திருட்டு ஃபைலை ஏத்திடு!” பக்கத்துக் கடை சவரிமுத்து பதறினார்.

போன் மெக்கானிக் மங்கை அசையவில்லை. ஓர் இதயக் கருவியை இயக்கும் ஆப், ‘பழைய போனில் இனி இயங்காது’ என்று அடம்பிடித்தது. ஒன்பது நிமிடத்துக்குள் அது திறக்காவிட்டால் கருவி நின்றுவிடும்.

“கம்பெனி ஆப்பை உடைச்சு எவனோ நெட்டுல போட்ட ஃபைலை நம்பி உயிரோட விளையாட மாட்டேண்ணே. இந்தக் கடையில அது ஏறினதே இல்ல.”

இந்தப் போனுக்கென்று கம்பெனியே முன்பு வெளியிட்டிருந்த பழைய பதிப்பைத் தேடிப் பிடித்தாள். அசல்தானா என்று இரண்டு முறை சரிபார்த்த பிறகே ஏற்றினாள். ஒரு நிமிடம் மிச்சமிருக்கையில் ஆப் திறந்தது. திரையில் இதயத் துடிப்பின் பச்சைக் கோடு துள்ளியது.

“அப்பாடா! கஸ்டமருக்குத் தகவல் சொல்லும்மா.”

மங்கை நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

“சொல்ல வேண்டியதில்லண்ணே. கருவி இருக்கிறது என் நெஞ்சுக்குள்ளதான்.”